மகிழ்ச்சிப் பட்டியலில் இந்தியா 118 என்றால், எண்ணூர் எத்தனை?

#1 வண்ணை வாசி · திங்கள், இரவு 9.40

வணக்கம். உலக மகிழ்ச்சி அறிக்கை 2025-ல் 147 நாடுகளில் இந்தியாவுக்கு 118-ஆம் இடம். பாகிஸ்தானுக்கு 109. வழக்கம்போல வாட்ஸ்அப் குழுக்களில் பாதிப் பேர் "இதெல்லாம் சதி" என்கிறார்கள். மீதிப் பேர் தலையில் அடித்துக்கொள்கிறார்கள். அந்தச் சண்டையை இங்கே கொண்டுவர வேண்டாம்.

என் பிரச்சினை வேறு. வடசென்னையில் எங்கள் வார்டில், மக்கள் கூடிக் குறை சொல்லும் அடுத்த பகுதி சபைக் கூட்டத்துக்கு ஒரு தாள் எழுதித் தரச் சொல்லியிருக்கிறார்கள். எப்போதும் "விளக்கு போடுங்க, சாக்கடை அள்ளுங்க" என்று மனு கொடுத்துவிட்டு வருவோம். இந்தமுறை நம் பகுதி மக்கள் எப்படி வாழ்கிறார்கள் என்பதையே அளந்து காட்டினால் என்ன என்று ஒரு யோசனை. துறைமுகம், சுத்திகரிப்பு ஆலை, உர ஆலை, அனல்மின் நிலையம், மீன்பிடித் துறைமுகம் என்று வண்ணாரப்பேட்டைக்கும் அத்திப்பட்டுக்கும் நடுவே எல்லாம் இருக்கிறது. உற்பத்தியை வைத்துப் பார்த்தால் நாம்தான் ஊருக்கே படியளக்கிறோம். வாழ்க்கையை வைத்துப் பார்த்தால்?

ஜிடிபி, அதாவது நாட்டின் மொத்த உற்பத்திக் கணக்கு, போதாது என்று மேடைக்கு மேடை கேட்டாயிற்று. சரி, அப்புறம் எதைத்தான் எண்ணுவது? ஒரு தெருவில் நாலு பேர் சேர்ந்து எண்ணக்கூடியதாக இருக்க வேண்டும். தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

#2 பழைய ஃபைல் · திங்கள், இரவு 10.25

தம்பி, புள்ளியியல் துறையில் குப்பை கொட்டி ஓய்வு பெற்றவன் நான். அந்த 118 எப்படி வந்தது என்பதை முதலில் முடித்துவிடுவோம்.

பத்துப் படி உள்ள ஏணி ஒன்றை மனதில் வைத்துக்கொள்ளச் சொல்வார்கள். உச்சிப்படி உங்களுக்குக் கிடைக்கக்கூடிய மிக நல்ல வாழ்க்கை, ஏணியின் அடி மிக மோசமான வாழ்க்கை. இப்போது எங்கே நிற்கிறீர்கள் என்பது மட்டும்தான் கேள்வி. பெரும்பாலான நாடுகளில் ஆண்டுக்கு ஏறக்குறைய ஆயிரம் பேரிடம் கேட்கிறார்கள். மூன்று ஆண்டுச் சராசரி எடுத்தால் அதுதான் பட்டியல். தனிநபர் வருமானம், ஆயுள், ஊழல், தாராள குணம் என்று ஆறு காரணிகளைக் கூட்டி மதிப்பெண் போடுகிறார்கள் என்று செய்தித்தாளே எழுதுகிறது. தவறு. அந்த ஆறும் நாடுகளுக்கிடையே உள்ள வித்தியாசத்தை விளக்க மட்டுமே. மதிப்பெண் ஏணிப் பதிலிலிருந்து மட்டும் வருகிறது. ஆகவே இந்தியா முழுவதற்கும் எடுத்த அந்தச் சில பதில்களில் எண்ணூரைத் தேடாதீர்கள்.

அடுத்தது ஜிடிபி. அதைத் திட்டுபவர்கள் அது எதற்குப் பிறந்தது என்பதை மறந்துவிடுகிறார்கள். 1930-களின் பெருமந்தத்தில் அமெரிக்காவில் எவ்வளவு உற்பத்தி விழுந்தது என்று யாருக்கும் தெரியவில்லை. சைமன் குஸ்நெட்ஸ் என்ற பொருளியல் அறிஞர் கணக்குப் போட்டு 1934-ல் அவர்கள் நாடாளுமன்றத்துக்குக் கொடுத்தார். தேசிய வருமானத்தை வைத்து ஒரு நாட்டின் நலனை ஊகிப்பது அரிது என்று அதே அறிக்கையில் அவரே எழுதி வைத்தார். பிறகு போர் வந்தது, எத்தனை விமானம், எத்தனை டாங்கி செய்ய முடியும் என்று பார்க்க அந்தக் கணக்கு உதவியது, அப்படியே நிலைத்துவிட்டது. ஈபி மீட்டர் மாதிரிதான் அது. யூனிட் ஓடியதைச் சொல்லும். விளக்கு எரிந்ததா, ஒயர் எரிந்ததா என்று சொல்லாது. அதற்காக மீட்டரைக் கழற்றி எறிய முடியாது.

#3 இரவு ஷிப்ட் · திங்கள், இரவு 11.58

மணலியில் வேலை. ஆலையின் பெயர் வேண்டாம்.

இந்த மாதிரி இழைகளைப் பார்த்தாலே எனக்குக் கொஞ்சம் கடுப்பு வரும். உற்பத்தி முக்கியம் இல்லை என்று சொல்வது சம்பளம் ஒழுங்காக வருகிறவர்களின் பொழுதுபோக்கு. என் தாத்தா பின்னி மில்லில் நெசவுப் பிரிவில் இருந்தார். 1918-ல் மதராஸ் தொழிற்சங்கம் பிறந்ததே அந்த மில் தொழிலாளர்களால்தான். 1996-ல் மில் மூடியபோது பெரம்பூர், பட்டாளம், புளியந்தோப்பு பக்கம் என்ன ஆனது என்று வீட்டில் கேட்டுப் பாருங்கள். புகை போயிற்று, சங்கு சத்தம் போயிற்று, காற்று சுத்தமாயிற்று. கூடவே பி.எஃப்., தீபாவளி போனஸ், பையனை ஐடிஐ சேர்க்கிற தைரியம் எல்லாம் போயிற்று. செக்யூரிட்டி வேலைக்குப் போன நெசவாளிகள் எத்தனை பேர்! மில் இருந்த இடத்தில் இன்று அடுக்குமாடி வீடு விற்கிறார்கள், ஜிடிபிக்கு அதுவும் லாபம்தான். அது வேறு கதை.

நலம், மகிழ்ச்சி என்று எதை வேண்டுமானாலும் அளங்கள். நிரந்தர வேலை எத்தனை பேருக்கு இருக்கிறது, காண்ட்ராக்ட் எத்தனை என்பது முதல் வரியில் வர வேண்டும்.

#4 அலையாத்தி · செவ்வாய், காலை 7.15

அண்ணா, நிரந்தர வேலைக் கணக்கை நானும் கேட்கிறேன். ஆனால் உற்பத்திக் கணக்கு எங்கள் பக்கம் எப்படி வேலை செய்கிறது என்பதற்கு ஒன்று சொல்கிறேன்.

2023 டிசம்பர், மிக்ஜாம் புயல். வெள்ளத்தோடு எண்ணெய் இறங்கி பக்கிங்காம் கால்வாய், கொசஸ்தலையாறு, எண்ணூர் முகத்துவாரம் எல்லாம் கருப்பாகிவிட்டது. வீட்டுச் சுவரில் வெள்ளம் நின்ற உயரத்துக்குக் கருப்புக் கோடு. கூழைக்கடா இறக்கையை விரிக்க முடியாமல் உட்கார்ந்திருந்தது. எங்கள் ஆட்கள் ஃபைபர் படகில் போய் மக்கிலும் வாளியிலும் எண்ணெயை மொண்டு பேரலில் ஊற்றினார்கள். கையுறை பிறகுதான் வந்தது.

இதைத் தேசியக் கணக்கில் எழுதுங்கள். எண்ணெய் உறிஞ்சும் இயந்திரத்தின் வாடகை: கூட்டல். பேரல், லாரி, கூலி: கூட்டல். வீணான வலைக்குப் பதில் வாங்கிய புது வலை: கூட்டல். தோல் அரிப்புக்கு டாக்டர் ஃபீஸ், மருந்து: கூட்டல். பிடிக்காமல் போன மீன் மட்டும் கழியும். சேற்றில் இருந்த நண்டுக்குஞ்சு, அலையாத்தி வேர், அடுத்த வருடத்து இறால் எதற்கும் ஒரு வரிகூடக் கிடையாது. பாதித்த குடும்பத்துக்கு 12,500 ரூபாயும், படகுக்கு 10,000 ரூபாயும் அரசு கொடுத்தது. அந்தப் பருவம் முழுக்க "எண்ணெய் வாடை வருதா?" என்று மோந்து பார்த்துவிட்டு மீனைக் கூடையிலேயே திருப்பிப் போட்ட வாடிக்கையாளரை எந்தக் கணக்கில் வைப்பது?

எதிர்ப்பக்கமும் ஒன்று உண்டு. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்கு மீன்பிடித் தடை. காசிமேடு அந்த இரண்டு மாதமும் வெறிச்சோடும். காலாண்டு உற்பத்திக் கணக்கில் அது இறக்கம். ஆனால் கடலுக்குள்ளே சொத்து சேருகிற காலமே அதுதான். எண்ணெய் கொட்டினால் ஏற்றம், கடலை ஓய விட்டால் இறக்கம் என்று காட்டுகிற கணக்கை வைத்துக்கொண்டு எங்கள் ஊரை யாரும் எடை போடக் கூடாது.

#5 பழைய ஃபைல் · செவ்வாய், காலை 8.05

அலையாத்தி, நன்றாகச் சொன்னீர்கள். ஒரு சின்னச் சேர்க்கை: அந்த 12,500 நிவாரணம் ஜிடிபியில் வராது, அது வெறும் கைமாற்றம். அதை வைத்து அரிசி வாங்கியதும் வரும்.

இயற்கைத் தேய்மானத்தைப் பற்றி நம் நாட்டிலேயே பேசியிருக்கிறார்கள். பொருளியல் அறிஞர் பார்த்தா தாஸ்குப்தா தலைமையில் ஒரு குழு பசுமைத் தேசியக் கணக்கு எப்படிப் போடலாம் என்று 2013-ல் அறிக்கை கொடுத்தது. இயந்திரம் தேய்ந்தால் தேய்மானம் கழிக்கிறோமே, காடும் சதுப்பும் தேய்ந்தால் ஏன் கழிக்கவில்லை என்பதுதான் சாரம். 2025 மார்ச்சில் ஐநா புள்ளியியல் ஆணையம் ஏற்றுக்கொண்ட புதிய கணக்கு முறையில் இயற்கை வளம் குறைவதை உற்பத்திச் செலவாகப் பார்க்கிறார்கள். நல்ல மாற்றம். ஆனால் அது தேய்மானம் கழித்த நிகர உற்பத்தியில்தான் தெரியும், தலைப்புச் செய்தியில் வருகிற ஜிடிபி மொத்த உற்பத்தி. உங்கள் நண்டுக்குஞ்சு அதற்குள்ளும் வராது.

#6 இரவு ஷிப்ட் · செவ்வாய், காலை 8.20

எண்ணெய் விஷயத்தில் நான் வாதாட வரவில்லை. அந்த வாரம் என் வீட்டிலும் முழங்கால் தண்ணீர்.

#7 ஐஸ் பெட்டி · செவ்வாய், மதியம் 2.30

நான் சொல்லச் சொல்ல என் மகள் அடிக்கிறாள். காசிமேட்டில் ஏலம் எடுத்து கொருக்குப்பேட்டை, தண்டையார்பேட்டை தெருக்களில் மீன் விற்கிறேன்.

நீங்கள் எல்லோரும் பணம், காற்று, மீன் என்று பேசுகிறீர்கள். என்னைக் கேட்டால் தூக்கத்தை எண்ணச் சொல்வேன். எங்கள் வீட்டு வாசலில் மெட்ரோ வாட்டர் லைனில் போட்ட அடிபம்பு இருக்கிறது. தண்ணீர் எப்போது ஏறும் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். இரண்டரைக்கு வரும், சில நாள் நாலுக்கு வரும். பம்பு சத்தம் யார் வீட்டில் முதலில் கேட்கிறதோ அதுதான் தெருவுக்கே அலாரம். முதலில் அடிக்கும்போது கறுப்பாகவோ மஞ்சளாகவோ வரும், சாக்கடை வாடை இருக்கும். அதைக் கீழே ஊற்றிக்கொண்டே அடிக்க வேண்டும். தெளிந்த பிறகு ஒரு குடம் தனியாக, வெள்ளைத் துணி கட்டி, குடிக்க. மற்றது டிரம்மில். மாடி வீட்டுக்காரி குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு ஏற வேண்டும். நான் அதை முடித்துவிட்டு ஏலத்துக்கு ஓட வேண்டும். ஏலத்துக்குப் பிந்தினால் நல்ல சங்கரா போய்விடும், மிச்சத்தை எடுத்துக்கொண்டு மதியம் வரை "ஏம்மா இது நேத்து மீனா" என்று கேட்பவர்களிடம் சண்டை போட வேண்டும்.

இந்தத் தண்ணீர் லாரியில் வந்தால் காசு, கேன் வாங்கினால் காசு. நான் அடித்தால் ஒன்றும் இல்லை. என் தோள்பட்டை வலிக்குத் தைலம் வாங்கினால் அது உங்கள் கணக்கில் வருமாமே, இவள் சொல்கிறாள். நல்ல கணக்கு!

#8 வண்ணை வாசி · செவ்வாய், மதியம் 3.10

அக்கா, இதைத்தான் தேடிக்கொண்டிருந்தேன். தாளில் முதலில் இதுவே வரும்.

#9 பழைய ஃபைல் · செவ்வாய், மாலை 6.45

அம்மா சொன்னதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. ஐநா கணக்கு முறைப்படி வீட்டுக்குத் தண்ணீர் சுமந்து வருவது உற்பத்தி எல்லைக்குள்தான், அதாவது எதையெல்லாம் உற்பத்தியாக எண்ணலாம் என்று வரைந்த கோட்டுக்குள்தான், வருகிறது. அந்தத் தண்ணீரில் சோறு வடிப்பது, அதே குடத்தைக் கழுவுவது, குழந்தையைக் குளிப்பாட்டுவது இதெல்லாம் வெளியே. எல்லையை வரைந்தவர்கள் யாரும் அந்த வேலையைச் செய்திருப்பார்கள் என்று எனக்குத் தோன்றவில்லை. பிகூ என்ற பொருளியல் அறிஞர் நூறு வருடத்துக்கு முன்பே கிண்டலாகக் கேட்டார்: வீட்டு வேலைக்காரப் பெண்ணை முதலாளி கல்யாணம் செய்துகொண்டால் தேசிய வருமானம் குறைந்துவிடுமே என்று.

நேரத்தை எண்ணும் கணக்கு நம் நாட்டில் உண்டு. தேசியப் புள்ளியியல் அலுவலகம் 2019-ல் நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பு நடத்தியது. சம்பளமில்லாத வீட்டு வேலை செய்யும் பெண்கள் அதற்காக நாளொன்றுக்குச் செலவிட்டது சராசரியாக 299 நிமிடம், ஆண்கள் 97. 2024-ல் மறுபடி எடுத்தபோது 289, 88. இரண்டு பக்கமும் குறைந்திருக்கிறது, இடைவெளி அப்படியே.

நான் சொல்ல வந்தது இன்னொன்று. நிதி ஆயோக் பல்பரிமாண வறுமைக் குறியீடு ஒன்று வெளியிடுகிறது. சத்துணவு, படிப்பு, கழிவறை, சமையல் எரிவாயு, வீடு, வங்கிக் கணக்கு என்று 12 விஷயம். 2019-21 கணக்குப்படி தமிழ்நாட்டில் 2.20 சதவீதம் பேர்தான் ஏழைகள். வருமானத்தை மட்டும் பார்ப்பதைவிட எவ்வளவோ மேல், நான் அதை மதிக்கிறேன். ஆனால் குடிநீரில் அவர்கள் பார்ப்பது என்ன? பாதுகாப்பான வகை என்று சொல்லப்படும் ஆதாரம் இருக்கிறதா, போய்வர அரைமணி நேரத்துக்குள் இருக்கிறதா. வாசலில் அடிபம்பு, குழாய்த் தண்ணீர். இந்த அம்மாவுக்குக் குடிநீர்க் குறையே இல்லை. கட்டத்தில் டிக் விழுந்துவிடும். ராத்திரி இரண்டரை மணி என்பதற்கு அந்தப் படிவத்தில் கட்டம் கிடையாது.

#10 எட்டாவது மாடி · செவ்வாய், இரவு 9.05

அந்த டிக் பற்றி நான் சொல்கிறேன். கால்வாய் ஓரக் குடிசையில் இருந்தோம். எடுத்துவிட்டு நகரின் தெற்குக் கோடியில் பெரும்பாக்கத்தில் அடுக்குமாடி வீடு கொடுத்தார்கள். கான்கிரீட் கூரை, தனிக் கழிவறை, மின்சாரம், கேஸ். ஐயா சொன்ன 12-ல் நாங்கள் மளமளவென்று மேலே போய்விட்டோம்.

என் மனைவி வீட்டு வேலை பார்த்த நாலு வீடும் பழைய வண்ணாரப்பேட்டையில். அங்கே நடந்து போவாள். இப்போது பஸ் மாறிப் போக வேண்டும். மகளிர் இலவசப் பேருந்து இருப்பதால் காசு மிச்சம், நேரம் மிச்சமில்லை. இரண்டு வீட்டை விட்டுவிட்டாள். லிஃப்ட் நின்ற நாளில் என் அம்மா கீழேயே உட்கார்ந்திருப்பார். பழைய இடத்தில் கடன் கேட்டால் அரிசி கொடுக்கும் கடை இருந்தது, காய்ச்சல் என்றால் ஸ்டான்லி ஆஸ்பத்திரிக்கு ஷேர் ஆட்டோ. நல்ல வீடு, பொய் சொல்ல மாட்டேன். மழைக்குப் பயமில்லை. ஆனால் எங்கள் வாழ்க்கை ஏறியதா இறங்கியதா என்று ஒரே எண்ணில் சொல்லச் சொன்னால் எனக்கே தெரியவில்லை.

#11 சும்மா வந்தேன் · செவ்வாய், இரவு 9.30

எல்லாரும் ஏன் சுற்றி வளைக்கிறீர்கள்? பூட்டான் மாதிரி மகிழ்ச்சிக் குறியீடு கொண்டுவந்தால் முடிந்தது.

#12 அலையாத்தி · செவ்வாய், இரவு 10.10

பூட்டானை ஒரேயடியாகப் புகழவும் வேண்டாம், தள்ளவும் வேண்டாம். ஜிக்மே சிங்யே வாங்சுக் அரசராக இருந்தபோது 1970-களில் தொடங்கிய பேச்சு அது, 2008 அரசியல் சாசனத்திலும் ஏறியது. ஒன்பது துறை, 33 குறிகாட்டி. உளநலம், உடல்நலம், கல்வி, வாழ்க்கைத்தரம் தவிர நேரப் பயன்பாடு, பண்பாடு, நல்லாட்சி, அக்கம்பக்க உறவு, சூழல் எல்லாம் உண்டு. எனக்குப் பிடித்தது: "போதும்" என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு கோடு போட்டிருக்கிறார்கள். அதற்கு மேல் எவ்வளவு சேர்ந்தாலும் மதிப்பெண் ஏறாது. ஒன்றில் அதிகம் வைத்துக்கொண்டு இன்னொன்றின் பள்ளத்தை மூட முடியாது.

ஆனால் அதே நாட்டிலிருந்துதான் 1990-களில் நேபாளி பேசும் மக்கள் ஒரு லட்சம் பேர் அளவில் அகதிகளாக வெளியேறினார்கள். போனவர்களிடம் யாரும் கருத்துக் கணிப்பு எடுக்க மாட்டார்கள். இன்று இளைஞர்கள் ஆஸ்திரேலியாவுக்கு வரிசையில் நிற்கிறார்கள். எட்டாவது மாடி அண்ணனை வடசென்னைக் கணக்கிலிருந்து தூக்கிவிட்டால் வடசென்னையின் சராசரி உயரும். எந்தக் குறியீடு போட்டாலும் யாரை வெளியே வைத்துவிட்டுப் போட்டோம் என்று கேட்கத்தான் வேண்டும்.

#13 பத்து நம்பர் கோல்கீப்பர் · புதன், காலை 6.50

வியாசர்பாடி. ஏணிக் கேள்வியை எங்கள் கிரவுண்டில் கேட்டுப் பாருங்கள், பாதிப் பேர் எட்டாவது படி என்பான். சும்மா சொல்ல மாட்டான், நிஜமாகவே சொல்வான். காலையில் ஃபுட்பால், சாயங்காலம் கேரம் கிளப், சாவு வீடு என்றால் முழுத்தெருவும் நிற்கும். 2015 வெள்ளத்தில் காசிமேட்டுப் படகுகள் தென்சென்னைத் தெருக்களுக்குப் போய் ஆட்களை ஏற்றி வந்தன. அதற்கு எந்தக் கணக்கில் மதிப்பு?

இதில் எனக்கே ஒரு சந்தேகம் உண்டு. பக்கத்தில் கொடுங்கையூர்க் குப்பை மலை. தீப்பிடித்தால் கண் எரியும். "பழகிடுச்சு" என்பார்கள். பழகியவனிடம் ஏணியில் எத்தனையாவது படி என்று கேட்டால் சரியான பதில் வருமா?

இன்னொன்று. பட்டப்படிப்பு முடித்து ஓஎம்ஆரில் ஒரு கம்பெனி இன்டர்வியூவுக்குப் போனேன். எல்லாம் நன்றாகப் போனது, முகவரியைப் பார்த்த பிறகு "அந்த ஏரியாவா?" என்று ஒரு சிரிப்பு. அப்புறம் அழைப்பே இல்லை. என் நண்பன் இப்போது ரெஸ்யூமில் பெரம்பூர் என்று போட்டுக்கொள்கிறான். பின்கோடு நமக்கு என்ன செய்கிறது என்பதையும் எண்ணுங்கள்.

#14 பழைய ஃபைல் · புதன், காலை 9.00

கோல்கீப்பர் கேட்டது அமர்த்தியா சென் காலமெல்லாம் கேட்ட கேள்வி. நசுங்கியவன் ஆசையையும் நசுக்கிக்கொள்வான், அவன் திருப்தியை மட்டும் அளந்தால் அநியாயம் கண்ணில் படாது. மனிதன் என்னவாக இருக்க முடிகிறது, என்ன செய்ய முடிகிறது என்று பாருங்கள் என்றார். பாகிஸ்தான் பொருளியல் அறிஞர் மஹ்பூப் உல் ஹக் 1990-ல், ஆயுள், படிப்பு, வருமானம் மூன்றையும் சேர்த்துப் பார்க்கும் மனித வளர்ச்சிக் குறியீட்டைக் கொண்டுவந்தபோது அதற்கு அடித்தளம் அந்தச் சிந்தனைதான். 2025 அறிக்கையில் 193 நாடுகளில் இந்தியாவுக்கு 130-ஆம் இடம். ஏற்றத்தாழ்வைக் கழித்தால் மதிப்பு ஏறக்குறைய 30 சதவீதம் விழுகிறது.

முகவரி விஷயத்துக்குப் பதினெட்டாம் நூற்றாண்டுப் பொருளியல் அறிஞர் ஆடம் ஸ்மித்தே சாட்சி. அவர் காலத்து ஐரோப்பாவின் பெரும்பகுதியில் லினன் சட்டை இல்லாமல் கூலித்தொழிலாளி வெளியே வர வெட்கப்படுவான், ஆகவே அது அத்தியாவசியம் என்று எழுதினார். நாலு பேர் முன் கூனாமல் நிற்பதும் வாழ்க்கைத்தரம்.

#15 வண்ணை வாசி · புதன், இரவு 8.40

படித்துவிட்டு ஒரு வரைவு போட்டேன். தண்ணீர் வந்த மணி, தெளிந்த மணி. நாற்றம் அடித்த நேரம். படகு போகாத நாள், காரணத்தோடு. நிரந்தரம், காண்ட்ராக்ட், தினக்கூலி. வேலைக்குப் போய்வரும் நேரம். பெண்கள் தூங்கிய மணிநேரம். முகவரியால் போன வேலை, கல்யாணப் பேச்சு. இடம் மாற்றப்பட்டவர்களிடமும் இதே கேள்விகள், அவர்கள் இருக்கும் இடத்துக்கே போய்.

இதற்கெல்லாம் மதிப்பெண் கொடுத்து "வடசென்னை நலக் குறியீடு" என்று நூற்றுக்கு ஓர் எண்ணாகச் சொல்லலாமா? பேப்பரில் வருமே.

#16 பழைய ஃபைல் · புதன், இரவு 9.15

வேண்டவே வேண்டாம். தூக்கத்துக்கு எத்தனை மார்க், நாற்றத்துக்கு எத்தனை மார்க் என்று யார் முடிவு செய்வது? ஒரே எண்ணாக்கிவிட்டால் புது மெட்ரோ நிலையம் ஒன்று வந்ததும் மொத்தம் ஏறும், தண்ணீர் அதே இரண்டரை மணிக்கு வரும், "குறியீடு உயர்ந்திருக்கிறது" என்று பதில் கொடுத்துவிடுவார்கள். 2009-ல் பிரான்ஸ் அரசுக்கு அறிக்கை கொடுத்த ஸ்டிக்லிட்ஸ், சென், ஃபிட்டூசி என்ற பொருளியல் அறிஞர்களின் குழுவும் ஒரே எண்ணை நம்பவில்லை. பக்கம் பக்கமாக, தனித்தனியாக வையுங்கள்.

#17 இரவு ஷிப்ட் · புதன், இரவு 11.50

சார், இதில் உங்களோடு எனக்கு முரண்பாடு. ஒரே எண்ணுக்குப் பல் உண்டு. மத்திய மாசுக்கட்டுப்பாட்டு வாரியம் 2009-ல் தொழிற்பகுதிகளுக்கு மாசுக் குறியீடு போட்டது. 70-ஐத் தாண்டினால் கடுமையாக மாசடைந்த பகுதி. மணலி 76-ஐத் தாண்டியது. 2010 ஜனவரியில் அப்படிப்பட்ட பகுதிகளில் புதுத் திட்டம், விரிவாக்கம் எதற்கும் சுற்றுச்சூழல் அனுமதி இல்லை என்று நிறுத்தி வைத்தார்கள். அந்தச் சமயம் ஆலைக்குள்ளே இருந்த பதற்றம் எனக்குத் தெரியும். முன்பு எத்தனை பேர் எத்தனை பக்க மனு கொடுத்திருப்பார்கள், எதற்கும் அசையாதவர்கள் அந்த ஓர் எண்ணுக்கு அசைந்தார்கள். பிறகு தளர்த்திவிட்டார்கள் என்பதும் உண்மை. மேலதிகாரி படிப்பது முதல் பக்கத்தை மட்டும்தான்.

#18 அலையாத்தி · வியாழன், காலை 7.30

அண்ணா சொல்வதில் பாதி சரி. எண்ணுக்குப் பல் வந்தது எண் ஒன்றாக இருந்ததால் இல்லை. 70 தாண்டிய பகுதிக்குப் புது அனுமதி இல்லை என்று அந்த எண்ணோடு ஒரு விளைவைக் கட்டினார்கள், அதனால் வந்தது. பிரிட்டனின் வேல்ஸில் 2015-ல் வருங்காலத் தலைமுறைகளின் நலனுக்கென்று சட்டமே போட்டு ஓர் ஆணையரை வைத்தார்கள். நியூபோர்ட் பக்கம் கட்ட இருந்த பெரிய நெடுஞ்சாலையை அந்த ஆணையர் வெளிப்படையாக எதிர்த்தார், 2019-ல் செலவையும் சூழலையும் காரணம் காட்டி அரசு அதைக் கைவிட்டது. அங்கே ஒரே எண் கிடையாது. கேள்வி கேட்க ஆள் இருந்தார்.

ஆகவே வாசி அண்ணா, ஒவ்வொரு வரிக்கும் பக்கத்தில் ஒரு கோடு போடுங்கள். உதாரணத்துக்கு, காலை ஐந்து மணிக்கு முன் தண்ணீர் வந்தால் அது வந்ததாகக் கணக்கில்லை. மாதத்தில் இத்தனை இரவுக்கு மேல் நாற்றம் என்றால் வாரியத்தின் அதிகாரி பகுதி சபைக்கு நேரில் வர வேண்டும். மொத்த மார்க் வேண்டாம்.

#19 ஐஸ் பெட்டி · வியாழன், மதியம் 2.50

கேள்வித்தாளை எடுத்துக்கொண்டு பதினொரு மணிக்கு வராதீர்கள். அந்த நேரத்தில் வீட்டில் இருப்பது கிழவர்களும் வேலையில்லாத ஆம்பளைகளும்தான், அவர்கள் "தண்ணி நல்லா வருது" என்பார்கள், அவர்களுக்கு டிரம்மிலிருந்து வருகிறது. பம்படிக்கிற நேரத்துக்கு வாருங்கள். பெண் பிள்ளைகளாக இரண்டு பேரை அனுப்புங்கள், என் வீட்டுத் திண்ணையில் உட்காரட்டும், டீ போட்டுத் தருகிறேன். தூக்கத்தைப் பற்றி மாமியார் எதிரில் கேட்கக் கூடாது.

#20 வண்ணை வாசி · வியாழன், மாலை 7.20

சரி அக்கா. கல்லூரித் தோழிகள் இருவர் வருகிறேன் என்கிறார்கள். மொத்த எண் கிடையாது, கோடு உண்டு, அப்படியே எழுதுகிறேன். நாற்றத்துக்குத்தான் ஆள் இல்லை. இரவு ஒரு மணிக்கும் மூன்று மணிக்கும் மணலி சாலையில் விழித்திருப்பவர் யார்?

#21 இரவு ஷிப்ட் · வெள்ளி, காலை 6.35

நான் எழுதுகிறேன். ஷிப்டுக்குப் போகும்போது ஒருமுறை, டீ பிரேக்கில் கேட்டுக்கு வெளியே ஒருமுறை, வரும்போது ஒருமுறை. அழுகிய முட்டை வாடையா, அமோனியாவா, கேஸ் வாடையா என்று மூக்கே சொல்லிவிடும், இத்தனை வருட அனுபவம். ஆனால் என் பெயர் எந்தத் தாளிலும் வரக் கூடாது. நானும் காண்ட்ராக்ட்தான்.

#22 வண்ணை வாசி · வெள்ளி, காலை 6.50

பெயர் வேண்டாம் அண்ணா. தேதி, மணி, என்ன வாடை, காற்று எந்தப் பக்கமிருந்து. அது போதும்.